கேட்கச் சொன்ன தீர்ப்பு

நோட்டீஸ் என் மாமனார் பெயருக்கு வந்தது. அவர் இறந்து ஒன்பது வருடம் ஆகியிருந்தது. தலையாரி அதைக் கையில் வைத்துக்கொண்டு வாசலில் நின்றார். நான் வேலைக்குக் கிளம்பிக்கொண்டிருந்தேன். கும்பகோணத்தில் ஒரு மருந்துக் கடையில் எனக்கு வேலை. எட்டரை பஸ்ஸை விட்டால் அடுத்தது ஒன்பதே காலுக்குத்தான்.

"அவரு இல்லைங்களே" என்றேன்.

"தெரியும்மா. எனக்குத் தெரியாதா? பேரு அப்படித்தான் வந்திருக்கு. நீங்க கையெழுத்துப் போடுங்க."

"அவருக்கு வந்ததுக்கு நான் எப்படிப் போடறது?"

அவர் பையிலிருந்து பசை டப்பாவை எடுத்து நோட்டீஸைக் கதவில் ஒட்டிவிட்டுப் போய்விட்டார். உள்ளே இருந்து வந்த என் மாமியார் அதைத் தடவிப் பார்த்து, "அவருக்கு என்ன எழுதியிருக்கு?" என்று கேட்டார்.

சாலையை நான்கு வழியாக அகலப்படுத்துகிறார்கள், எங்கள் வீடு அரசு புறம்போக்கு நிலத்தில் ஆக்கிரமிப்பாகக் கட்டப்பட்டிருக்கிறது, பதினைந்து நாளுக்குள் நாங்களே அகற்றிக்கொள்ள வேண்டும், தவறினால் அவர்கள் அகற்றுவார்கள் என்று எழுதியிருந்தது. எங்களிடம் பட்டா இருக்கிறது. என் மாமனாரின் அப்பா பண்ணையில் ஆளாக இருந்தவர். இந்த மனைக்குப் பட்டா வாங்கியதுதான் குடும்பத்தில் முதல் காகிதம் என்று மாமனார் சொல்லுவார். அந்தப் பட்டாவில் புல எண்ணுக்குப் பின்னால் 2ஏ என்று இருக்கும். நோட்டீஸில் 2பி என்று இருந்தது. அப்படியென்றால் இது எங்கள் வீட்டுக்கு வந்த நோட்டீஸா, வேறு வீட்டுக்கு வந்ததா? வேறு வீடு என்றால் மாமனார் பெயர் எப்படி வந்தது? எனக்குப் புரியவில்லை. அன்றைக்கு ஒன்பதே கால் பஸ்ஸையும் விட்டுவிட்டேன்.

எங்கள் வரிசையில் பதினோரு வீடு. பின்னால் வாய்க்கால், முன்னால் தார்ச்சாலை. பதினோரு வீட்டிலும் நோட்டீஸ் ஒட்டியிருந்தது. அதற்கு ஒரு மாதம் முன்பு, வேளாங்கண்ணிக்கு நடந்து போகிறவர்கள் காவி உடுத்திக்கொண்டு கூட்டம் கூட்டமாகச் சாலையில் போய்க்கொண்டிருந்த சமயத்தில், சர்வேயர் ஒருவர் இரண்டு ஆட்களோடு வந்து டேப் பிடித்து அளந்தார். எங்கள் வீட்டில் அப்போது நடைப்பயணிகள் நான்கைந்து பேர் உட்கார்ந்து தண்ணீர் குடித்துக்கொண்டிருந்தார்கள். அவர்களுடைய கால்களைத் தள்ளி வைக்கச் சொல்லிவிட்டு, எங்கள் நடு அறைச் சுவருக்கு நேராக வெளிச்சுவரில் மஞ்சள் பெயிண்டால் ஒரு கோடு போட்டார்கள். எதற்கு என்று கேட்டேன். "சும்மா எஸ்டிமேட்டுக்குதாம்மா" என்றார் சர்வேயர். நான் அவருக்கும் ஒரு சொம்பு தண்ணீர் கொடுத்தேன்.

எதிர் வரிசையில் யார் சுவரிலும் கோடு இல்லை.

நான்காவது வீட்டில் ஓய்வுபெற்ற பஸ் கண்டக்டர் ஒருவர் இருக்கிறார். எல்லோருக்கும் அவர் கண்டக்டர் அண்ணன். அவர்தான் எங்களைக் கூட்டினார். பதினோரு வீட்டுப் பட்டாவையும் வீட்டு வரி ரசீதையும் நகல் எடுத்து, ஒரு பிளாஸ்டிக் ஃபைலில் போட்டு, ஆட்சேபணை மனு எழுதினார். நான் அதைத் திருத்தி எழுதினேன். நாங்கள் கேட்டது பெரிதாக ஒன்றும் இல்லை. எங்களைக் கூப்பிட்டு ஒரு தடவை கேளுங்கள், காகிதத்தைப் பாருங்கள், அதன் பிறகு அளந்து சொல்லுங்கள். அவ்வளவுதான்.

தாலுகா ஆபீஸில் கொடுத்தோம். இது நெடுஞ்சாலைத் துறை விஷயம் என்றார்கள். நெடுஞ்சாலை ஆபீஸில், நாங்கள் ரோடு போடுகிறவர்கள், இடத்தைப் பற்றி நில எடுப்பு ஆபீஸில் கேளுங்கள் என்றார்கள். நில எடுப்பு ஆபீஸில் ஒரு கிளார்க் பொறுமையாக எங்கள் ஃபைலைப் புரட்டினார். "இது எடுப்பே கிடையாதுங்களே. ஆக்கிரமிப்புன்னு போட்டிருக்கு. எங்க கிட்ட வராது. தாசில்தாரைப் பாருங்க" என்றார். திரும்பவும் தாலுகா ஆபீஸ். திங்கட்கிழமை குறைதீர்க்கும் நாளில் தஞ்சாவூருக்குப் போய் கலெக்டர் ஆபீஸிலும் மனு கொடுத்தோம். ரசீது கொடுத்தார்கள். பத்து நாள் கழித்து என் போனுக்கு ஒரு செய்தி வந்தது: உங்கள் மனு உரிய அலுவலருக்கு அனுப்பப்பட்டு முடித்து வைக்கப்பட்டது.

நான் கண்டக்டர் அண்ணனிடம் ஓடினேன். "அண்ணே, முடிச்சுட்டாங்களாம்."

"என்ன முடிவு பண்ணாங்க?"

"அது போடல. முடிச்சாச்சுன்னு மட்டும் வந்திருக்கு."

அவர் கண்ணாடியைப் போட்டுக்கொண்டு செய்தியை மூன்று தடவை படித்தார். "நமக்கு சாதகமா, பாதகமா?" என்று என்னைக் கேட்டார்.

கோர்ட்டுக்குப் போவோம் என்று அன்றைக்குத்தான் பேச்சு வந்தது. பட்டுக்கோட்டைப் பக்கம் ஒரு ஊரில் இப்படிப் போய் ஆர்டர் வாங்கியிருக்கிறார்கள் என்று யாரோ சொன்னார்கள். எதிர் வரிசைக்காரர்களும் சேர்ந்து கையெழுத்துப் போட்டால் பலமாக இருக்கும் என்று கண்டக்டர் அண்ணன் நினைத்தார். என்னைப் போய்க் கேட்கச் சொன்னார்.

எங்கள் வீட்டுக்கு நேர் எதிரில் மாவு மில். அதை நடத்துகிறவள் என்னைவிட ஏழெட்டு வயது சின்னவள். கணவர் தவறிப்போன பிறகு அவளேதான் மோட்டார் போட்டு, பெல்ட் மாட்டி, அரைத்துக் கொடுக்கிறாள். மில் முன்கட்டு, வீடு பின்கட்டு. நான் போனபோது மிளகாய் அரைத்துக்கொண்டிருந்தாள். இரண்டு பேருக்கும் தும்மல் வந்தது.

"அக்கா, எங்க பக்கம்தான் கோடே போடலையே. நான் போய்க் கையெழுத்துப் போட்டா, இவளுக்கு ஏன் பயம்னு என் பக்கமும் அளக்க வந்துருவாங்க" என்றாள். "தப்பா நினைச்சுக்காதீங்க. உங்களுக்கு நல்லபடியா முடியணும்னு ஐராவதீஸ்வரருக்கு வேண்டிக்கிறேன்."

அவள் சொன்னதில் தப்பு ஒன்றும் எனக்குத் தெரியவில்லை. நானாக இருந்தாலும் அப்படித்தான் சொல்லியிருப்பேன்.

ஹைகோர்ட் மதுரைக் கிளை மதுரை ஊருக்குள் இல்லை என்பதே அங்கே போகும்போதுதான் எங்களுக்குத் தெரிந்தது. பஸ்ஸில் மேலூர் தாண்டி ஒத்தக்கடையில் இறங்கச் சொன்னாள் எங்கள் வக்கீல். அவள் சின்னப் பெண், முப்பது வயதுகூட இருக்காது. கண்டக்டர் அண்ணன் அவளை "வக்கீலம்மா" என்றுதான் கூப்பிடுவார். நீங்கள் வர வேண்டிய அவசியமே இல்லை என்று அவள் போனிலேயே சொன்னாள். ஆனால் வழக்கு நடக்கும்போது நாம் அங்கே இல்லாமல் எப்படி என்று அண்ணனும் நானும் விடியற்காலைப் பஸ்ஸில் கிளம்பிப் போனோம். பட்டாவின் அசலை நான் கைப்பைக்குள் வைத்து, பையை மடியில் வைத்து, இரண்டு கையாலும் பிடித்துக்கொண்டே போனேன். நீதிபதி கேட்டால் காட்ட வேண்டும் அல்லவா?

அவர் கேட்கவில்லை. எங்கள் எண் வந்தது. வக்கீலம்மா எழுந்து இங்கிலீஷில் இரண்டு வாக்கியம் பேசினாள். எதிர்ப்பக்கம் ஒருவர் எழுந்து தலையை ஆட்டி ஒரு வாக்கியம் பேசினார். நீதிபதி கீழே பார்த்துக்கொண்டே ஏதோ சொன்னார். அதற்குள் அடுத்த எண்ணைக் கூப்பிட்டுவிட்டார்கள். நான் கைப்பையின் ஜிப்பைத் திறந்தபடியே நின்றேன்.

வெளியே வந்ததும் வக்கீலம்மா சிரித்தாள். "ஆர்டர் ஆயிடுச்சு. உங்க மனுவை பன்னிரண்டு வாரத்துக்குள்ள விசாரிச்சு முடிவு பண்ணச் சொல்லியிருக்காங்க. அதுவரைக்கும் வீட்டைத் தொடக் கூடாது."

"அப்ப ஜெயிச்சுட்டோம்" என்றார் அண்ணன்.

"வழக்கு முடிஞ்சிருச்சுங்க சார். டிஸ்போஸ்டு."

"ஜெயிச்சுத்தானே முடிஞ்சது?"

"சார், நீங்க கேட்டது உங்களைக் கேக்கணும்னு. கேக்கணும்னு கோர்ட் சொல்லிருச்சு. அந்த வரைக்கும் ஜெயிச்சதுதான். வீடு உங்களுதா, ரோட்டுதாங்கிறதுக்குள்ள கோர்ட் போகவே இல்லை. அதை ஆபீசர்தான் முடிவு பண்ணுவாங்க."

"எந்த ஆபீசர்? இது எங்கது இல்லைன்னு சொன்னாங்களே, அவங்களா?"

"ஆமா" என்றாள்.

அண்ணன் ஒத்தக்கடையில் அரை கிலோ அல்வா வாங்கினார். பஸ்ஸில் என்னிடம், "ஊருல ஜெயிச்சுட்டோம்னே சொல்லுவோம் தங்கச்சி. விளக்கம் சொன்னா யாருக்கும் புரியாது" என்றார். எனக்கே புரிந்திருக்கவில்லை. குவைத்திலிருந்து என் கணவர் போன் செய்து, ஜெயிச்சோமா தோத்தோமா என்று கேட்டபோது, "நம்மளைக் கேக்கச் சொல்லியிருக்காங்க" என்றேன். "யாரு கேக்கச் சொன்னா? யாரைக் கேக்கச் சொன்னா? கேட்டு என்ன பண்ணுவாங்க?" என்றார். லைன் சரியில்லை என்று சொல்லி வைத்துவிட்டேன். லைன் நன்றாகத்தான் இருந்தது.

பத்தாவது வாரத்தில் விசாரணைக்குக் கூப்பிட்டார்கள். கடிதம் மறுபடியும் மாமனார் பெயருக்கே வந்தது. ஆனால் இந்தத் தடவை அடைப்புக்குறிக்குள் 'அல்லது வாரிசுதாரர்' என்று சேர்த்திருந்தார்கள். என் மாமியார் தானும் வருவேன் என்று பிடிவாதமாக வந்து, நான் பேசி முடிக்கும் வரை தாலுகா ஆபீஸ் வராந்தாவில் உட்கார்ந்திருந்தார்.

அறையில் அதிகாரி ஒருவர், பக்கத்தில் அந்த சர்வேயர், ஒரு டைப்பிஸ்ட். அதிகாரி நல்ல மனிதர். இதை நான் சொல்லியாக வேண்டும். "உக்காருங்கம்மா" என்றார். இத்தனை மாதத்தில் எந்த ஆபீஸிலும் எனக்கு நாற்காலி கொடுத்ததில்லை. பட்டாவை வாங்கிப் படித்தார். 2ஏ, 2பி குழப்பத்தைப் பார்த்துவிட்டு, அது டைப் அடித்ததில் தவறு என்று உடனே ஒத்துக்கொண்டார். பிறகு கேட்டார்: "பட்டா சரி. ஆனா அளந்தா ரோடு உங்க நடு ரூம் வரைக்கும் வருதே. அதுக்கு என்ன சொல்றீங்க?"

நான் வீட்டில் எழுதி மனப்பாடம் செய்து வைத்திருந்ததெல்லாம் மறந்துபோய்விட்டது. வாய்க்கு வந்ததைச் சொன்னேன்.

"சார், தார் ரோட்டுக்கு நடுவுல டேப்பை வெச்சு ரெண்டு பக்கமும் சமமா அளந்தாங்க. ஆனா தார் நடுவுல இல்லைங்க சார். போன தடவை ரோடு போட்டப்ப எதிர்ப்பக்கம் டிரான்ஸ்பார்மர் இருக்குன்னு எங்க பக்கமா ஒதுக்கிப் போட்டுட்டாங்க."

அதிகாரி சர்வேயரைப் பார்த்தார். சர்வேயர், "வரைபடத்துல எதிர்ப்பக்கம் ஒரு எல்லைக்கல் காட்டுது சார். அங்கேயிருந்துதான் அளக்கணும். தேடிப் பாத்தோம், கல்லு கிடைக்கல. அதனாலதான் தாருக்கு நடுவுல வெச்சோம்" என்றார்.

"கல்லுங்களா?" என்றேன். "சதுரமா, மேல ஒரு கூட்டல் குறி வெட்டினதா? அது மாவு மில் ஓரமா போற சந்துல, பின்னால அவங்க வீட்டுப் படிகிட்ட இருக்குங்களே. பாதி மண்ணுக்குள்ள. அது மேலதான் நாங்க மாவு டப்பாவை வெப்போம்."

எனக்குச் சந்தோஷமாக இருந்தது. அவர்கள் தேடிக் கிடைக்காத ஒன்று எனக்குத் தெரிந்திருக்கிறது என்ற சந்தோஷம். அதிகாரி எழுதிக்கொண்டார். டைப்பிஸ்ட் தட்டினாள். என் வாக்குமூலம் என்று ஒரு தாளை நீட்டினார்கள். படித்துப் பார்த்தேன்; நான் சொன்னதுதான் இருந்தது. கையெழுத்துப் போட்டேன். வெளியே வந்து மாமியாரிடம், "கேட்டாங்க அத்தை. நல்லா கேட்டாங்க" என்றேன்.

மறுவாரம் வந்து அளந்தார்கள். நான் அன்றைக்கு லீவு போட்டிருந்தேன். மில்லோரச் சந்தில் வீட்டுப் படிக்குப் பக்கத்தில் மண்ணைத் தோண்டியதும் கல் முழுதாகத் தெரிந்தது. அங்கிருந்து டேப்பை இழுத்தார்கள். எங்கள் பக்கத்தில் கோடு பின்வாங்கிப் பின்வாங்கி, எங்கள் வாசல் படிக்கு வந்து நின்றது. படியும் முன்சுவரும்தான் போகும். கண்டக்டர் அண்ணனுக்கு ஒரு செங்கல்கூடப் போகாது. அவர் என் இரண்டு கையையும் பிடித்துக்கொண்டார்.

அப்புறம் அதே கல்லிலிருந்து எதிர்ப்பக்கம் பார்த்தார்கள். கல்தான் சாலையின் எல்லை. கல்லுக்கு முன்னால் இருப்பதெல்லாம் சாலை. மில்லின் முன்கட்டு முழுதும் கல்லுக்கு முன்னால் இருந்தது. மோட்டார் இருந்த இடத்துக்கும் பின்னால், மில்லுக்கும் வீட்டுக்கும் நடுவில் இருந்த சுவரில் ஒரு ஆள் மஞ்சள் கோடு போட்டான்.

அவள் மோட்டாரை நிறுத்திவிட்டு வெளியே வந்தாள். தலைமுடியில், புருவத்தில் எல்லாம் மாவு. கோட்டைப் பார்த்தாள். சாலைக்கு இந்தப் பக்கம் நின்ற எங்களைப் பார்த்தாள்.

"இத்தனை நாளா இல்லாம இப்ப எப்படி சார் கல்லு கிடைச்சுது?" என்று சர்வேயரைக் கேட்டாள்.

"மனுதாரர் வாக்குமூலத்துல சொல்லியிருக்காங்கம்மா" என்றார் அவர். என் பெயரைச் சொல்லவில்லை. சொல்லத் தேவையும் இருக்கவில்லை.

நான் சாலையைக் கடந்து போனேன். என்ன சொல்வது என்று தெரியாமலே போனேன். "நான் வேணும்னு சொல்லலம்மா. கேட்டாங்க, சொன்னேன்" என்றேன்.

"தெரியும்க்கா. பொய்யா சொன்னீங்க? உள்ளதைத்தானே சொன்னீங்க" என்றாள். கோபமாகச் சொன்னாளா, சமாதானமாகச் சொன்னாளா என்று அவள் குரலில் எனக்குப் பிடிபடவில்லை. உள்ளே போய் மறுபடியும் மோட்டாரைப் போட்டுவிட்டாள். அந்தச் சத்தத்தில் பேச முடியாது.

அன்று முழுதும் நான் அதையே புரட்டிப் புரட்டி யோசித்தேன். எங்கள் குறையைக் கேளுங்கள் என்றுதான் போனோம். கேட்டார்கள். நியாயமாகவே கேட்டார்கள். நான் சொன்னது உண்மை. கோடு இப்போது இருக்கும் இடம்தான் சரியான இடம். ஒவ்வொன்றாக எடுத்துப் பார்த்தால் எதிலும் தப்பில்லை. ஆனால் மில் போகப்போகிறது. அந்தக் கல் எனக்குத் தெரிந்ததே அவள் மில்லில் நான் வரிசையில் நின்றதால்தான். அவளுக்கும் அந்தக் கல் என்ன கல் என்று தெரிந்துதான் இருந்ததா? அதனால்தான் கையெழுத்துப் போடவில்லையா? தெரிந்திருந்தால் அவள் மேல் எனக்குக் கோபம் வர வேண்டுமா? எனக்கு வரவில்லை. தெரியவே தெரியாது என்றால் இன்னும் கஷ்டமாக இருந்தது.

இரண்டு வாரம் கழித்து அவளுக்கு நோட்டீஸ் வந்தது. எங்களுக்கு வந்த அதே வாசகம், அதே பதினைந்து நாள். அவள் அதை எடுத்துக்கொண்டு நேராக என் வீட்டுக்கு வந்தாள்.

"அக்கா, நீங்க போனீங்களே, அந்த வக்கீல் நம்பரைக் குடுங்க."

நான் நம்பர் மட்டும் கொடுக்கவில்லை. அவள் மனுவை நானே எழுதினேன். எங்கள் மனுவில் இருந்த வாக்கியங்களையே போட்டேன்: எங்களைக் கூப்பிட்டுக் கேளுங்கள், காகிதத்தைப் பாருங்கள். கண்டக்டர் அண்ணனிடம் அவருடைய ஃபைலைக் கேட்டேன், மாதிரிக்கு. அவர் கொடுத்தார், ஆனால் வாசலுக்கு வந்து மெதுவாகச் சொன்னார்: "தங்கச்சி, அவங்க மனுவுல கல்லு தப்பான இடத்துல இருக்குன்னு எழுதிடாத. மறுபடி அளந்தா நம்ம பக்கம் வந்துரும்."

"எழுதலண்ணே" என்றேன். எழுதவில்லைதான். அவளுக்கு உதவி செய்கிறேனா, எங்கள் வீட்டைக் காத்துக்கொள்கிறேனா என்று எழுதும்போதே எனக்குச் சந்தேகமாக இருந்தது. அவளும் அந்த மனுவைப் படித்துப் பார்த்தாள். கல்லைப் பற்றி ஒன்றும் கேட்கவில்லை.

வக்கீலம்மா இந்தத் தடவையும் வர வேண்டாம் என்றாள். நாங்கள் இரண்டு பேரும் போனோம். அதே ஒத்தக்கடை, அதே இரண்டு நிமிடம். ஆர்டர் நகல் வந்ததும் எங்களுடையதையும் அவளுடையதையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்துப் பார்த்தேன். பெயரும் எண்ணும் தவிர ஒரு எழுத்து மாறவில்லை.

விசாரணைக்கு அவள் தனியாகப் போனாள். நான் வரட்டுமா என்று கேட்டதற்கு, "வேணாம்க்கா" என்று மட்டும் சொன்னாள். அதே அதிகாரி. அவளுக்கும் நாற்காலி கொடுத்தார் என்று பிறகு சொன்னாள். மில்லுக்கு வரி கட்டிய ரசீது, மின்சார இணைப்பு, எல்லாவற்றையும் பார்த்தார். பத்து நாளில் உத்தரவு வந்தது. அவள் கொண்டுவந்து கொடுத்து என்னைப் படிக்கச் சொன்னாள். கல்லுக்கு முன்னால் உள்ள பகுதி சாலைக்குச் சொந்தம், அகற்றப்பட வேண்டும். பின்னால் உள்ள வீட்டைத் தொடக் கூடாது. மனுதாரரின் தொழிலைக் கருத்தில் கொண்டு, பொங்கல் முடியும் வரை அவகாசம் தரப்படுகிறது.

"பொங்கல் வரைக்குமா?" என்றாள். பொங்கலுக்கு முன்னால்தான் மில்லில் கூட்டம். வருடத்தில் அந்த ஒரு மாதம்தான் அவள் மத்தியானச் சாப்பாட்டைக்கூட நின்றுகொண்டே சாப்பிடுவாள். "பரவாயில்லை. கேட்டதுக்கு அதாவது கிடைச்சுதே."

"மேல போலாம்மா. அப்பீல் இருக்குன்னு வக்கீலம்மா சொன்னாங்க."

அவள் உத்தரவை மடித்து ஜாக்கெட்டுக்குள் வைத்துக்கொண்டாள். "மறுபடி போனா என்ன சொல்லுவாங்கக்கா? கேளுங்கன்னுதானே சொல்லுவாங்க. கேட்டுட்டாங்களே."

பொங்கல் முடிந்த மறுவாரம் ஜேசிபி வருவதற்கு முன்பே அவள் ஆள் வைத்து மோட்டாரையும் அரைக்கும் கல்லையும் கழற்றினாள். கண்டக்டர் அண்ணன் வந்து ஒரு பக்கம் பிடித்தார். எங்கள் வீட்டுப் படியும் அதே நாளில் போனது. முன்கட்டு விழுந்தபோது உள்ளே சுவரில் ஒட்டியிருந்த வெள்ளை மாவு புகையாகக் கிளம்பி இரண்டு பக்கத்து வீடுகளுக்குள்ளும் போனது. நான் கண்ணை மூடிக்கொண்டேன். திறந்தபோது சாலையிலிருந்து அவளுடைய சமையல்கட்டு நேராகத் தெரிந்தது.

இப்போது அவள் வீட்டின் பின்பக்கம், வயலை ஒட்டி, தகரம் போட்டு மில்லை மறுபடி வைத்திருக்கிறாள். சாலையிலிருந்து போக வழியில்லை. வரப்பில் சுற்றிப் போக வேண்டும். மழை பெய்தால் சேறு. பாதிப் பேர் தாராசுரத்தில் அரைத்துக்கொள்கிறார்கள். நான் சுற்றித்தான் போகிறேன்.

போன மாதம் அங்கே நின்றபோது புதிதாகக் கல்யாணமாகி வந்த பெண் ஒருத்தி, "ஏங்க, மில்லை எதுக்குப் பின்னால கொண்டுபோய் வெச்சீங்க?" என்று அவளைக் கேட்டாள்.

"ரோடு வந்துச்சு" என்றாள்.

நான் அவள் முகத்தைப் பார்த்தேன். அவள் பெல்ட்டைச் சரி செய்துகொண்டிருந்தாள். என் அரிசியை முதலில் கொட்டச் சொன்னாள்; எனக்கு முன்னால் இரண்டு பேர் இருந்தார்கள். வேலைக்குப் போகிறவள் என்பதால் சொன்னாளா, சீக்கிரம் அனுப்பிவிடலாம் என்று சொன்னாளா, தெரியவில்லை. கேட்கவும் தோன்றவில்லை. சூடான மாவை வாங்கிக்கொண்டு வரப்பில் இறங்கி நடந்தேன்.